கூச்சப்படும் கல்

வலது கன்னத்தைக் கல்லின் மேல் வைத்து, இடது கண்ணை மூடிக்கொண்டு, தரையோடு தரையாகப் படுத்திருக்கிறார். மூச்சு விடுவதுகூடத் தெரியவில்லை. முதல் தடவை பார்க்கிறவர்கள் பதறிப்போவார்கள். ஒரு வீட்டில் ஆம்புலன்சுக்கே போன் செய்துவிட்டார்கள். அவர் நிதானமாக எழுந்து, கன்னத்தில் ஒட்டிய மணலைத் தட்டிவிட்டு, "மூணாவது கல்லு ஒரு நூல் தூக்கல்" என்பார். ரப்பர் சுத்தியலால் அந்தக் கல்லுக்கு இரண்டு தட்டு. பிறகு மறுபடியும் படுத்துவிடுவார்.

பையில் ரசமட்டம் இருக்கிறது. அதை ஏன் எடுப்பதில்லை என்று கேட்டால், "வேணாம்" என்று ஒரே சொல்லில் முடித்துவிடுவார். கேட்டவர் வீட்டுக்குள் போனதும் எடுத்து வைத்துப் பார்ப்பார். குமிழி நடுவில் நின்றால் தன் கண்ணுக்குக் கிடைத்த பாராட்டாக எடுத்துக்கொள்வார். நகர்ந்து நின்றால் ரசமட்டம் பழசாகிவிட்டது என்று முடிவு கட்டுவார். ஆனாலும் அந்தக் கல்லை இன்னும் இரண்டு தட்டு தட்டத் தவறமாட்டார்.

வயது ஐம்பத்தெட்டு. வீட்டுத் தோட்டங்களில் நடைபாதைக்குப் பலகைக்கல் பதிப்பது தொழில். ஊரில் அவரை 'வேணாம் மேஸ்திரி' என்றால்தான் தெரியும். குடை வேணாம், கையுறை வேணாம், கூட ஆள் வேணாம். டீயில் சர்க்கரை வேணாம் என்பார். சர்க்கரை இல்லாத டீயைக் கொடுத்தால் ஒரு வாய் குடித்துவிட்டு அதைச் செடிக்கு ஊற்றுவார். மூக்குக்கண்ணாடி வேண்டவே வேண்டாம். செய்தித்தாள் படிக்கும்போது மனைவியின் கண்ணாடி எப்படியோ அவர் மூக்கில் இருக்கும். அந்த அம்மாள் அதற்குள் இன்னொரு கண்ணாடி வாங்கிவிட்டார்.

ஆனால் அந்தப் பெயர் குடையாலோ சர்க்கரையாலோ வந்தது இல்லை. ஓரக்கல்லால் வந்தது.

பலகைக்கல் பதிக்கிறவர்கள் பாதையின் இரண்டு பக்கமும் ஒல்லியான கற்களைச் செங்குத்தாக நட்டு ஓரம் கட்டுவார்கள். மழை பெய்து மண் இளகும்போது பலகைக்கற்கள் மெல்ல வெளிப்பக்கம் நகரப் பார்க்கும். ஓரக்கல் அவற்றைப் பிடித்து நிறுத்தும். எல்லாருக்கும் தெரிந்த விஷயம். வேணாம் மேஸ்திரியின் பாதைகளில் மட்டும் ஓரக்கல் கிடையாது. கல் முடிகிற இடத்தில் புல் தொடங்கிவிடும். இரண்டுக்கும் நடுவே ஒரு கோடுகூட இருக்காது. யாரோ பச்சைத் துணியில் சாம்பல் நிறத் துண்டை வைத்துத் தையல் தெரியாமல் தைத்தது போல இருக்கும். அழகாகத்தான் இருக்கும், அதை ஒப்புக்கொள்ள வேண்டும். ஆனால் அவர் அழகோடு நிறுத்திக்கொள்வதில்லை.

"ஓரக்கல்லு எதுக்குங்க?" என்று தொடங்குவார். "கல்லு போடத் தெரியாதவன் அதுக்கு வேலி கட்டுவான். நான் போட்ட கல்லு போட்ட இடத்துல நிக்கும். அதுக்கு யார் தயவும் வேணாம்."

இதைச் சொல்லும்போது அவர் கல்லைப் பற்றித்தான் பேசுகிறாரா என்று கேட்கிறவர்களுக்குச் சந்தேகம் வரும். நெஞ்சு அவ்வளவு முன்னால் வந்திருக்கும்.

வீட்டில் கதை வேறு. சாப்பாட்டு மேசையில் அவருடைய தட்டுக்கு இடப்பக்கம் தண்ணீர் டம்ளர், வலப்பக்கம் உப்பு ஜாடி, எதிரே தண்ணீர்க் குடுவை. நடுவில் தட்டு நகர இடமில்லாமல் மாட்டிக்கொண்டிருக்கும். அலமாரியில் சட்டைகள் சரிந்துவிடக் கூடாது என்று இரண்டு பக்கமும் தடித்த புத்தகங்களை நிறுத்தி வைத்திருக்கிறார். அவற்றில் ஒன்றையும் படித்ததில்லை. தூங்குவது சுவரை ஒட்டி. மறுபக்கம் ஒரு நீள உருண்டைத் தலையணை. அது இல்லாமல் ஒருநாள் படுத்தவர் விடியும்போது தரையில் இருந்தார். கட்டில் கோணலாகிவிட்டது என்று தச்சரைக் கூப்பிட்டு அதன் கால்களைச் சரி பார்க்கச் சொன்னார்.

மனைவி தையற்காரர். முன்னறையில் மெஷின் போட்டு, அக்கம்பக்கத்தாரின் துணிகளுக்கு ஓரம் அடித்துக் கொடுக்கிறார். நாளெல்லாம் அவர் கைக்குக் கீழே ஓடுவது பிரிந்துபோகக் கூடிய விளிம்புகள்தான். கணவர் ஓரக்கல்லைத் திட்டிப் பேசும்போதெல்லாம் அவர் மெஷினின் மிதியைக் கொஞ்சம் அழுத்தி மிதிப்பார். பேச்சு சத்தத்தில் அமுங்கிவிடும். அதற்கு மேல் எதுவும் சொல்வதில்லை, ஒரே ஒரு கேள்வியைத் தவிர. ஒவ்வொரு வேலையிலும் மூன்றாம் நாள் மத்தியானம் போனில் கேட்பார்:

"முட்டு போட்டாச்சா?"

"ம்," என்பார் மேஸ்திரி, அக்கம்பக்கம் பார்த்துவிட்டு.

அவருடைய பாதைகளில் இந்த 'முட்டு' இருப்பதை அறிந்தவர்கள் உலகத்தில் இரண்டே பேர். கடைசி வரிசைக் கல்லின் வெளிப்புறத்தில் மண்ணைத் தோண்டி, கல்லின் பாதி உயரத்துக்குக் கெட்டியான சிமெண்ட் கலவையைச் சரிவாகச் சாய்த்து அழுத்திவிடுவார். கரணையின் முதுகால் அதை வழித்துவிட்டு, மேலே நான்கு விரல் மண். மண்ணின் மேல் புல். கல் நகர நினைத்தாலும் முடியாது. தொழில் தெரிந்தவர்கள் யாரைக் கேட்டாலும் இது ஒழுங்கான முறைதான் என்பார்கள். சொல்லிவிட்டுச் செய்யலாம். இதில் மறைக்க ஒன்றுமே இல்லை. அவர் மறைக்கிறார் என்பதுதான் விஷயம்.

வினை இருபத்திரண்டு வருடங்களுக்கு முன்னால் தொடங்கியது. ஒரு வீட்டு வேலைக்கு ஓரக்கல் ஏற்றி வந்த லாரி வழியில் பழுதாகி நின்றுவிட்டது. நாள் கடத்த முடியாது. மேஸ்திரி யோசித்து, மண்ணுக்குள் கலவையை முட்டுக் கொடுத்து வேலையை முடித்தார். வெளியூர் போயிருந்த வீட்டுக்காரர் திரும்பி வந்து பாதையைப் பார்த்து வாயைப் பிளந்தார். ஓரக்கல்லே இல்லாமல் எப்படி நிற்கிறது என்று கேட்டார். மேஸ்திரி உண்மையைச் சொல்ல வாயைத் திறந்தார். அதற்குள் அந்த மனிதர், "உங்க கைத்திறமை அப்படி, என்ன?" என்றுவிட்டார். திறந்த வாயை மேஸ்திரி புன்னகையாக மாற்றிக்கொண்டார். அன்றிலிருந்து அந்தப் புன்னகையைக் காப்பாற்றுவது முழுநேர வேலையாகிவிட்டது.

முட்டுக் கொடுக்க முக்கால் மணி நேரம் வேண்டும். அந்த முக்கால் மணி நேரம் வீட்டுக்காரர்கள் பக்கத்தில் இருக்கக் கூடாது. முதலில் டீ கேட்டுப் பார்த்தார். பத்து நிமிடத்தில் வந்துவிடுகிறது. மாடியில் நின்று பாதை நேராக இருக்கிறதா என்று பார்க்கச் சொன்னார். மாடியிலிருந்து எல்லாமே தெரிகிறது. கடைசியில்தான் அந்த வாக்கியம் பிறந்தது.

"கல்லு உக்கார்ற நேரம். யாரும் பாக்கக் கூடாது. கல்லு கூச்சப்படும்."

சிரிக்கத் தோன்றும். ஆனால் அவர் முகத்தில் சிரிப்பின் சாயலே இருக்காது. குரலையும் தாழ்த்திவிடுவார், ஏதோ பிரசவ அறைக்கு வெளியே நிற்பவர் போல. ஒரு வங்கி மேலாளர் குடும்பத்தோடு உள்ளே போய், ஜன்னல் திரைகளை எல்லாம் இழுத்துவிட்டு, நாற்பத்தைந்து நிமிடம் கூடத்தில் பேசாமல் உட்கார்ந்திருந்தார். கல்லூரியில் இயற்பியல் நடத்துகிற ஒரு அம்மாள் நாயையும் உள்ளே கொண்டுபோய்க் கட்டினார். படித்தவர்கள்தான் இதை முதலில் நம்புகிறார்கள் என்பது மேஸ்திரியின் அனுபவம். படிக்காதவர்கள், "அப்ப நீங்க மட்டும் பாக்கலாமா?" என்று கேட்டுவிடுகிறார்கள்.

இப்படி ஓடிக்கொண்டிருந்த வண்டிக்கு முன்னால் சம்பந்தி வந்து நின்றார்.

மகளைக் கட்டிக்கொடுத்த வீடு. மாப்பிள்ளையின் அப்பா ஓய்வுபெற்ற நில அளவையாளர். முப்பது வருடம் மற்றவர்களுடைய நிலத்துக்கு எல்லைக்கல் நட்டவர். ஒல்லியான, நீளமான மனிதர். எந்த அறைக்குள் நுழைந்தாலும் முதலில் நான்கு மூலைகளையும் பார்ப்பார். அவருடைய சட்டைப் பையில் இரும்பு ஸ்கேல் ஒன்று எப்போதும் இருக்கும். கல்யாணப் பேச்சின்போதே இரண்டு பேருக்கும் ஒத்துப்போகவில்லை. ஓரம் இல்லாத எதுவும் உருப்படாது என்று அவர் பொதுவாகச் சொன்னதை மேஸ்திரி சொந்தமாக எடுத்துக்கொண்டார்.

சம்பந்தியம்மாளுக்கு முழங்கால் அறுவை சிகிச்சை நடந்திருந்தது. நான்கு கால் உள்ள வாக்கரைப் பிடித்துக்கொண்டுதான் நடக்கிறார். தினம் இருபது நிமிடமாவது வெளியில் நடக்க வேண்டும் என்று டாக்டர் சொல்லிவிட்டார். கொல்லைக் கதவிலிருந்து எலுமிச்சை மரத்தடி பெஞ்சு வரை முப்பது அடி. அங்கங்கே புல் முளைத்த வெறும் மண். அங்கே பாதை போட யாரைக் கூப்பிடுவது என்ற கேள்விக்கு அந்த வீட்டில் இடமே இல்லை. மருமகளின் அப்பா இருக்கும்போது வேறு யாரைக் கூப்பிட முடியும்? கூப்பிட்டார்கள், நில அளவையாளருக்கு விருப்பம் இல்லாமல்.

மனைவியோடு இடத்தைப் பார்க்கப் போன அன்று ஓரக்கல் எத்தனை வேண்டியிருக்கும் என்று சம்பந்தி கேட்டார். மேஸ்திரிக்குச் சாவி கொடுத்தது போல ஆகிவிட்டது. கையில் டீ டம்ளரோடு எழுந்து நின்று வழக்கமான பிரசங்கத்தைத் தொடங்கினார். வேலி, தயவு எல்லாம் முடிந்து, எதிராளி இன்னும் மசியவில்லை என்று கண்டு, புதிதாக ஒன்றைச் சேர்த்தார்.

"நொண்டிக்குத்தான் சம்பந்தி கட்டை வேணும். என் கல்லுக்கு எதுக்கு?"

சொல்லி முடித்த பிறகுதான் சமையலறை வாசலில் வாக்கரைப் பிடித்துக்கொண்டு சம்பந்தியம்மாள் நிற்பது தெரிந்தது. மகள் மின்விசிறியைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அது ஓடவில்லை. மேஸ்திரியின் மனைவி, "டீ ஆறிடுச்சு, குடிங்க," என்றார். அவர் குடித்தார். அதில் சர்க்கரை இல்லை என்பதைக்கூடக் கவனிக்கவில்லை.

வேலை தொடங்கியது. முதல் நாள் தோண்டி, ஜல்லி கொட்டி, திமிசு போட்டு இடித்தார். இரண்டாம் நாள் மணல் பரப்பி, நடுவில் ஒரு வளைவு விட்டுக் கல் பதித்தார். இரண்டு நாளும் சம்பந்தி மடக்கு நாற்காலியைப் போட்டுப் பாதைக்குப் பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தார். டீ பிளாஸ்கில் வந்தது. சாப்பாடு மடியில் வந்தது. எழுந்து போகிற அவசியங்களுக்குக்கூட அவர் போகவில்லையோ என்று மேஸ்திரிக்குச் சந்தேகம். மண் வாட்டம் எவ்வளவு, ஜல்லி எத்தனை அங்குலம் என்று கேட்டுக் கேட்டு ஒரு நோட்டில் எழுதிக்கொண்டார்.

மூன்றாம் நாள் மத்தியானம் மேஸ்திரி கையைக் கழுவிவிட்டு வந்து, குரலைத் தாழ்த்தினார். கல் உட்காருகிற நேரம் என்றார். பார்க்கக் கூடாது என்றார். காரணத்தையும் சொன்னார்.

நில அளவையாளர் நாற்காலியை நிழலுக்கு இழுத்துப் போட்டுக்கொண்டார்.

"முப்பது வருஷம் கல்லு நட்டிருக்கேன் சம்பந்தி," என்றார். "ஒரு கல்லும் என்னப் பாத்துக் கூச்சப்பட்டதில்ல."

மேஸ்திரியின் தலைக்குள் அப்போது என்னவெல்லாம் ஓடியது என்பதை அவருடைய காதுகளைப் பார்த்தே சொல்லிவிடலாம், சிவந்துபோயிருந்தன. கலவை போட்டால், இருபத்திரண்டு வருடத்துப் பெருமை இந்த மனிதரின் நோட்டில் ஒரு வரியாக ஏறிவிடும். அதுவும் மகள் வாழ்கிற வீட்டில். போடாவிட்டால் கல் ஒரு மழைக்குத் தாங்கலாம், இரண்டு மழைக்குத் தாங்கலாம். இருபது நிமிடம் அப்படியே நின்றார். பிறகு சிமெண்டைப் பிரிக்காமலேயே கடைசி வரிசைக்கு வெளியே வெறும் மண்ணைத் தள்ளி, காலால் மிதித்து, புல்லை வைத்து, தண்ணீர் தெளித்து முடித்துவிட்டார். தன் வாழ்க்கையில் முதல் தடவையாக, தான் எப்போதும் செய்வதாகச் சொல்வதை அப்படியே செய்தார்.

போன் அடித்தது.

"முட்டு போட்டாச்சா?"

"மனுஷன் நகர மாட்டேங்கிறார்," என்று மேஸ்திரி வாய்க்குள்ளேயே சொன்னார்.

அந்தப் பக்கம் மெஷின் சத்தம் நின்றது. "அந்தம்மா நடக்கப் போற பாதைங்க அது," என்றார் மனைவி. போனை வைத்துவிட்டார்.

நான்காம் நாள் மழை பெய்தது. பெருமழை இல்லை, ஆனால் விடாமல் பெய்தது. மேஸ்திரி வேறொரு வீட்டில் வேலைக்குப் போனவர், பாதியில் தலைவலி என்று சொல்லித் திரும்பி வந்தார். இரண்டு தடவை சம்பந்தி வீட்டுப் பக்கம் போனார். மகளுக்குப் பழம் கொடுக்க ஒரு தடவை, கொடுத்த பழத்தை எப்படி நறுக்குவது என்று சொல்ல ஒரு தடவை. இரண்டாவது தடவை கொல்லைப்பக்கம் போனபோது சம்பந்தி குனிந்து நின்று இரும்பு ஸ்கேலைக் கல் இடுக்கில் விட்டுக்கொண்டிருந்தார். நோட்டைப் பேசாமல் நீட்டினார். வளைவில் எட்டாவது கல்: காலையில் நாலு மில்லிமீட்டர், மத்தியானம் ஆறு, சாயங்காலம் ஒன்பது. எழுத்து மணி மணியாக இருந்தது.

ஒரு விரல் நுழைகிற இடுக்கு. வாக்கரின் ரப்பர் நுனி எவ்வளவு தடிமன் என்று மேஸ்திரி கேட்கவில்லை. வரவேற்பறையில் மடக்கி வைத்திருந்த வாக்கரைக் கடந்து போகும்போது, குனிந்து செருப்பை மாட்டுகிற சாக்கில், நுனியைத் தன் கட்டைவிரலால் அளந்து பார்த்துக்கொண்டார். இப்படி இன்னும் இரண்டு மழை பெய்தால் உள்ளே போய்விடும்.

அன்று ராத்திரி மகள் போன் செய்தாள். அத்தை திங்கட்கிழமை முதல் வெளியே நடக்கப் போகிறார், டாக்டர் சரி என்று சொல்லிவிட்டார், ஆனால் மாமா ஏதோ ஸ்கேலை வைத்துக்கொண்டு தலையை ஆட்டிக்கொண்டே இருக்கிறார் என்றாள்.

"கல்லு ஏதும் ஆடுதாப்பா?"

"என் கல்லு ஆடுமா?" என்றார் மேஸ்திரி.

மகள் பதிலுக்குப் போனை வைத்துவிட்டாள். அவள் அம்மாவிடமிருந்து கற்றுக்கொண்ட பழக்கம் அது. மேஸ்திரி உப்பு ஜாடியைத் தட்டுக்கு இன்னும் கொஞ்சம் நெருக்கி வைத்தார்.

சனிக்கிழமை காலை புருஷனும் பெண்டாட்டியும் சேர்ந்தே கிளம்பினார்கள். இதுவே ஒரு செய்தி. அவர் வேலை செய்யும்போது மனைவி இதுவரை கூட வந்ததில்லை. திட்டம் மனைவியுடையது. தங்கள் வீட்டு மனையின் பழைய வரைபடத்தைக் கையோடு எடுத்து வந்திருந்தார். வடக்குப் பக்கம் ஓர் அடி குறைகிறது போலத் தெரிகிறது, சம்பந்தி அண்ணன் உள்ளே வெளிச்சத்தில் வைத்துக் கொஞ்சம் பார்த்துச் சொல்ல வேண்டும் என்றார். எந்த நில அளவையாளராலும் மறுக்க முடியாத அழைப்பு. சம்பந்தியின் கண்கள் ஒரு கணம் பளிச்சென்றன. வரைபடத்தை வாங்கினார். விரித்தார். பிறகு தோட்டத்து வெளிச்சமே போதும் என்று அதே மடக்கு நாற்காலியில் உட்கார்ந்து, படத்தைத் தலைகீழாகத் திருப்பிப் பார்த்து, "குறையல. நீங்க அரையடி கூடவே வெச்சிருக்கீங்க," என்று தீர்ப்புச் சொன்னார். மடித்துக் கொடுத்தார். எழுந்திருக்கவில்லை.

மனைவி மேஸ்திரியைப் பார்த்தார். கூப்பிட்டுப் பார்த்தாயிற்று, இதற்கு மேல் என்னால் ஆகாது என்கிற பார்வை.

மேஸ்திரி தோளில் இருந்த சிமெண்ட் மூட்டையைத் தொப்பென்று இறக்கினார். கடப்பாரையை எடுத்து வளைவில் இருந்த புல்லைப் பெயர்த்தார். ஈர மண்ணை வாரிப் போட்டார். நகர்ந்திருந்த கற்களை ஒவ்வொன்றாகத் தூக்கி, மணலைச் சரிசெய்து, மறுபடி வைத்து, கன்னத்தைக் கல்லில் பதித்துப் பார்த்தார். பிறகு எல்லார் கண்முன்னாலும் பையிலிருந்து ரசமட்டத்தை எடுத்து வைத்தார். மனைவிக்கே அது ஆச்சரியமாக இருந்தது. ஆனால் அவர் கலவைக்குத் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்ததால் காட்டிக்கொள்ளவில்லை.

முதல் கரணைக் கலவை கல்லின் விலாவில் போய் விழுந்ததும் சம்பந்தி குனிந்தார்.

"இது என்ன சம்பந்தி?"

மேஸ்திரி திரும்பிப் பார்க்கவில்லை. கலவையை வழித்துக்கொண்டே சொன்னார். "முட்டு."

"இந்தப் பாதைக்கு மட்டுமா?"

கரணை கொஞ்ச நேரம் அதே இடத்தில் வழித்துக்கொண்டிருந்தது. அந்த இடம் கண்ணாடி போல ஆகிவிட்டது.

"எல்லாத்துக்கும்," என்றார் மேஸ்திரி. "மொதல்லேருந்தே."

நில அளவையாளர் நோட்டைப் புரட்டினார். ஒரு வெற்றுப் பக்கத்தைத் திறந்தார். பேனாவின் மூடியைக் கழற்றினார். எதையும் எழுதாமல் கலவையின் சரிவையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு இரும்பு ஸ்கேலை எடுத்துச் சரிவின் ஆழத்தை அளந்தார். அளந்துவிட்டு, "நல்லாத்தானே செஞ்சிருக்கீங்க," என்றார், கொஞ்சம் எரிச்சலோடு. திட்டுவதற்காக நாள் கணக்கில் காத்திருந்த ஒருவரின் எரிச்சல் அது. பேனாவை மூடினார்.

கொல்லைக் கதவில் வாக்கரின் கால்கள் தட்டும் சத்தம் கேட்டது. சம்பந்தியம்மாள் நின்றுகொண்டிருந்தார். எவ்வளவு நேரமாக நிற்கிறார் என்று தெரியவில்லை. சிமெண்டையும் கல்லையும் மேஸ்திரியின் முதுகையும் மாறி மாறிப் பார்த்தார்.

"அப்ப உங்க கல்லுக்கும் கட்டை வேணும்னு ஆயிடுச்சு, அண்ணா," என்றார்.

மேஸ்திரியின் மனைவிதான் முதலில் சிரித்தார். கலவைச் சட்டியைக் கீழே வைத்துவிட்டு, முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு, தோள் குலுங்கச் சிரித்தார். இருபத்திரண்டு வருடமாக மெஷின் சத்தத்துக்குள் அமுக்கி வைத்த சிரிப்பு. சீக்கிரத்தில் அடங்குவதாக இல்லை. சம்பந்தியம்மாளும் சேர்ந்துகொண்டார். நில அளவையாளர் சிரிக்கவில்லை, ஆனால் நோட்டால் முகத்தை மறைத்துக்கொண்டார். மேஸ்திரி கரணையைக் கழுவப் போனார். ஏற்கெனவே கழுவிய கரணையை நெடுநேரம் கழுவினார்.

ஞாயிறு முழுவதும் ஈரச் சாக்குப் போட்டு மூடி வைத்தார்கள். அன்று மட்டும் சம்பந்தி மடக்கு நாற்காலியில் உட்கார்ந்ததற்கு ஒரு நியாயம் இருந்தது. பூனை சாக்கை இழுக்காமல் பார்த்துக்கொண்டார்.

திங்கட்கிழமை சாயங்காலம் எல்லாரும் கூடிவிட்டார்கள். சாக்கை எடுத்து, மண் போட்டு, புல்லைத் திரும்ப வைத்தாயிற்று. சம்பந்தியம்மாள் கொல்லைக் கதவின் படியிலிருந்து வாக்கரை முதல் கல்லின் மேல் இறக்கினார். மேஸ்திரி அவருடைய முகத்தைப் பார்க்கவில்லை. நான்கு ரப்பர் நுனிகளையே பார்த்துக்கொண்டு பக்கத்துப் புல்லில் கூடவே பக்கவாட்டில் நடந்தார். நுனி ஒன்று இடுக்கின் மேல் வரும்போதெல்லாம் அவர் தோள் தானாக உயர்ந்தது. வளைவு வந்தது. எட்டாவது கல். வாக்கர் நின்றது. அந்த அம்மாள் வேண்டுமென்றே உடல் எடை முழுவதையும் அதன் மேல் சாய்த்து ஒரு அழுத்து அழுத்தினார். கல் அசையவில்லை. மேலே நடந்தார். பெஞ்சில் போய் உட்கார்ந்து, மூச்சு வாங்கி, "சமமாத்தான் இருக்கு," என்றார். மகள் மின்விசிறி இல்லாத இடத்தில் எதைப் பார்ப்பது என்று தெரியாமல், இந்தத் தடவை அப்பாவைப் பார்த்தாள்.

அப்போதுதான் பக்கத்து வீட்டுக்காரர் மதிலுக்கு மேலே தலையை நீட்டினார். புதிதாகக் குடிவந்தவர், வீடு கட்டி முடித்து, தோட்டத்துக்கு யாரைக் கூப்பிடுவது என்று யோசித்துக்கொண்டிருப்பவர். பாதையை இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடி வரை பார்த்தார்.

"பிரமாதம். ஓரக்கல்லே இல்லையே. எப்படிங்க நிக்குது?"

மேஸ்திரியின் நெஞ்சு பழக்கத்தில் கொஞ்சம் முன்னால் வந்தது. மனைவியைப் பார்த்ததும் பழைய இடத்துக்கே போய்விட்டது. மனைவி எலுமிச்சை மரத்தில் காய் எண்ணிக்கொண்டிருந்தார். சம்பந்தியம்மாள் முழங்காலைத் தடவிக்கொண்டிருந்தார். மேஸ்திரி வாயைத் திறந்து மூடினார்.

நில அளவையாளர் நாற்காலியிலிருந்து எழுந்தார். மதிலருகே போய், குரலைத் தாழ்த்தி, முகத்தில் சிரிப்பின் சாயலே இல்லாமல் சொன்னார்.

"ரொம்ப நேரம் பாக்காதீங்க. கல்லு கூச்சப்படும்."

தலை மதிலுக்குப் பின்னால் பணிவோடு இறங்கிவிட்டது. அந்தப் பக்கம் ஜன்னல் ஒன்றைச் சாத்துகிற சத்தமும் கேட்டது.

மேஸ்திரி கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு வானத்தைப் பார்த்தபடி நின்றார். அவருடைய காலடியில், வளைவின் ஓரமாக, புல் சரியாக மூடாத இடத்தில், தீப்பெட்டி அளவுக்குச் சிமெண்ட் வெளுப்பாகத் தெரிந்துகொண்டிருந்தது. வலது காலின் கட்டைவிரல் செருப்பை விட்டு மெல்ல வெளியே வந்து, கொஞ்சம் மண்ணை இழுத்து அதன் மேல் போட்டு, இரண்டு தட்டு தட்டிவிட்டு, மறுபடி உள்ளே போய்விட்டது.